கடைசிக் கரித்துண்டும் மாண்ட்ரியல் மாடிப்படியும்

பெட்ரிக் ஸ்மர்ச்கா என்ற பெயரை நாக்குச் சுளுக்காமல் சொல்லக்கூடியவர்கள் கோயம்புத்தூரில் இரண்டே பேர். ஒருவன் நான். இன்னொருவர் எங்கள் பிலிம் சொசைட்டியின் துணைத் தலைவர்; பல்செட் மாட்டிய பிறகு அவரும் கைவிட்டுவிட்டார். மற்ற உறுப்பினர்கள் ‘உங்க செக் நாட்டு ஆளு’ என்று சொல்லிச் சமாளித்தார்கள். அந்த ஆளைப் பற்றித் தமிழில் நூற்றெழுபது பக்கத்துக்குப் புத்தகம் எழுதியவன் நான். பெயர் ‘கடைசிக் கரித்துண்டு’. முன்னூறு பிரதி அச்சடித்தோம். பெரும்பாலானவை என் கட்டிலுக்கு அடியில் பத்திரமாக இருக்கின்றன.

ஸ்மர்ச்கா ஊமைப்படக் காலத்து மனிதர். பிராக் நகரில் நாடகங்களுக்குப் படுதா வரைந்துகொண்டிருந்தவர். ஒருநாள் படப்பிடிப்புக்குக் கதாநாயகன் வரவில்லை. படுதாவுக்குப் பின்னால் பிரஷ்ஷோடு நின்றவரை இழுத்து முன்னால் நிறுத்தினார்கள். அடுத்த படத்தில் இயக்குநர் கோபித்துக்கொண்டு போனார், இவரே இயக்கினார். பிறகு கதை எழுதினார், உடை தைத்தார், கேமரா சுற்றினார், சுவரொட்டி வரைந்தார். ஒரு படத்தில் கணவன், மனைவி, மாமியார் மூன்று பேரும் அவரேதான். ஒரே மேசையில் உட்கார்ந்து மூன்று பேரும் சண்டை போடுவார்கள். பேசும்படம் வந்ததும் அவர் குரல் எடுபடவில்லை. பழையபடி படுதா வரையப் போனார்.

இத்தனையும் செய்தவரின் ஏழு படங்களில் ஒன்றுகூட மிஞ்சவில்லை என்று எழுதியிருந்தேன். கடைசி அத்தியாயத்தில் அவரைப் பட்டினியால் சாகடித்தும் இருந்தேன். பனிக்கால இரவு. உடைந்த ஜன்னல். அடுப்பில் போட மிச்சமிருப்பது ஒரே ஒரு கரித்துண்டு. அதை எரிக்காமல், அதைக் கொண்டே சுவரில் ஒரு வறுத்த வாத்தை வரைந்துவிட்டு, அந்தப் படத்துக்குக் கீழே விழுந்து உயிரை விடுகிறார். கற்பனை என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். டவுன்ஹால் நடைபாதைக் கடையில் ஒரு பழைய செக் சினிமாப் பத்திரிகையின் ஒற்றைத் தாள் கிடைத்தது. நடுவில் அவர் செத்துக் கிடக்கிற புகைப்படம். சுற்றி இருந்த எழுத்தைக் கையடக்க அகராதி வைத்துக்கொண்டு மூன்று மாதம் உடைத்தேன். நம் ஊரில் ஒரு கலைஞனைப் பற்றி முழுப்பக்கம் போட்டால் அது இரங்கல் குறிப்பாகத்தான் இருக்கும். எனக்குச் சந்தேகமே வரவில்லை.

புத்தகத்தில் ஒரு பிரதியைப் பிராகில் உள்ள ஒரு காப்பகத்துக்கு அனுப்பினேன். ஒரு வருடம் கழித்து மாண்ட்ரியலிலிருந்து பிரெஞ்சில் கடிதம் வந்தது. கல்லூரிப் பிரெஞ்சு ஆசிரியை படித்துச் சொன்னார். ‘நான் அவருடைய மகள் ஹானா. வயது எண்பத்து நான்கு. உங்கள் புத்தகத்தை நீங்களே எனக்கு வாசித்துக் காட்ட வேண்டும். அப்பாவின் படம் ஒன்று என்னிடம் இருக்கிறது. முதலில் புத்தகம், பிறகு படம்.’

எனக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. ஒரு படம் இருக்கிறது! பத்து வருடமாகப் பார்க்காமலேயே காதலித்த முகம் அசையப் போகிறது. அது 2006. அந்த மார்ச் மாதத்திலேயே மாண்ட்ரியல் தமிழ்ச் சங்கம் ஒன்று ஊமைப்படம் பற்றிப் பேச என்னைக் கூப்பிட்டது. கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தது என்று கிளம்பிவிட்டேன்.

வந்து சேர்ந்த நாள் வியாழக்கிழமை. மாண்ட்ரியலின் லாசால் பகுதியில் ஜெயசீலன் வீட்டில் தங்கல். மன்னார்க்காரர், டவுன்டவுனில் ஒரு உணவக அடுக்களையில் வேலை, சங்கத்தின் செயலாளர். விமான நிலையத்தில் என்னைப் பார்த்த முதல் பார்வையிலேயே முகம் வாடிவிட்டது.

“அண்ணை, உந்த ஜக்கெட்டோட வந்தனீங்கள்?”

“ஊட்டிக்குப் போட்டுட்டுப் போறதுங்க.”

“ஊட்டிக்கு இது சரி. இஞ்ச இதை உள்ளுக்க போட்டு அதுக்கு மேல மூண்டு போடோணும்.”

மார்ச் என்றால் நமக்கு வெயில் தொடங்குகிற மாதம். அங்கே பனி உருகத் தொடங்குகிற மாதம். ஐந்து மாதப் பனி, ஐந்து மாத அழுக்கோடு சேர்ந்து தெருவெல்லாம் கரும்புச் சர்க்கரைப் பாகு மாதிரி நிற்கிறது. அதில் கால் வைத்தால் கால் வேறு திசையில் போகிறது. வீட்டு வாசலுக்குள் நான் சாஷ்டாங்கமாகத்தான் நுழைந்தேன். ஜெயசீலனின் மனைவி ஜசிந்தா, “ஐயோ, உப்பிடி விழுந்து கும்பிட வேண்டாம், எழும்புங்கோ அண்ணை” என்று சிரித்துக்கொண்டே தூக்கிவிட்டார். அன்று மத்தியானம் குழல்புட்டும் மீன்குழம்பும். கொங்குநாட்டில் புட்டை வாழைப்பழத்தோடு பிசைந்து வளர்ந்தவன் நான். மீன்குழம்பு ஊற்றிய புட்டை மூன்று குழல் சாப்பிட்ட பிறகுதான் இத்தனை வருடம் வீணாய்ப் போனது புரிந்தது.

வெள்ளிக்கிழமை இருவரும் வேலைக்குப் போய்விட, தனியாக மெட்ரோவில் டவுன்டவுன் போனேன். பச்சைக் கோடு என்கிற தடத்தில் ஏறினால் இறங்க வேண்டியதுதான் என்று சொல்லியிருந்தார்கள். ரயில் பிரச்சினை இல்லை. நிலையத்தின் கதவுதான் பிரச்சினை. உள்ளேயிருந்து காற்று கதவைப் பிடித்துக்கொண்டு விடாது. தள்ளினேன், அது என்னைத் தள்ளியது. தோளைக் கொடுத்தேன், இரண்டடி பின்னால் போய் நின்றேன். பின்னால் வந்த பாட்டியம்மாள் ஒருவர் ‘பொன்ஷூர்’ என்று வணக்கம் சொல்லி, இடுப்பால் ஒரு இடி இடித்துத் திறந்துகொண்டு போனார். அந்த இடைவெளியில் நானும் புகுந்து வெளியே வந்தேன்.

வெளியே தெருத்தெருவாக வீட்டு மாடிப்படிகள். நம் ஊரில் படி வீட்டுக்குள் இருக்கும். இங்கே இரும்புப் படியை வளைத்து நெளித்து வெளியே, தெருவில் தொங்கவிட்டிருக்கிறார்கள். பனி பெய்யும் ஊரில் படியை வெளியே வைத்தவர் யாரோ, அவருக்கு எலும்பு வைத்தியர்கள் சிலை வைத்திருக்க வேண்டும். பசிக்குப் ‘பூத்தின்’ என்று ஒன்று சாப்பிட்டேன். உருளைக்கிழங்கு வறுவல்மேல் பாலாடைக்கட்டியைப் போட்டு, அதன்மேல் சாறு ஊற்றித் தருகிறார்கள். மொறுமொறுப்பாக வறுத்ததை ஏன் நனைக்கிறார்கள் என்று யோசித்துக்கொண்டே முழுவதையும் தின்று தீர்த்தேன்.

சனிக்கிழமை ஜெயசீலன் என்னை ஹானாவின் வீடு இருந்த நோத்ர-டாம்-த-கிரேஸுக்குக் காரில் கூட்டிப் போனார். ஹானாவுக்கு ஆங்கிலம் வராது. எனக்குப் பிரெஞ்சு வராது. ஜெயசீலனுக்கு அடுக்களைப் பிரெஞ்சு வரும். அதாவது ‘சூடு’, ‘சீக்கிரம்’, ‘வெங்காயம் எங்கே’ வகையறா.

ஹானா குட்டையான, நிமிர்ந்த பெண்மணி. கையைக் குலுக்கிய குலுக்கலில் என் விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன. உட்காரச் சொல்லிவிட்டுக் காப்பி போடப் போனார். நான் சுவரில் இருந்த படங்களைப் பார்த்தேன். முதல் படத்தில் என் ஸ்மர்ச்கா, இளைஞன், மீசையோடு. கும்பிடு போட்டேன். இரண்டாவதில் பெண் வேஷத்தில். மூன்றாவது படத்தின் முன்னால் அப்படியே நின்றுவிட்டேன்.

அது கலர் போட்டோ. வளைந்த இரும்பு மாடிப்படி. அதில் பெருத்த தொந்தியோடு, பனி வாரும் மண்வெட்டியைத் துப்பாக்கி மாதிரி தோளில் சாய்த்துக்கொண்டு, வாயெல்லாம் பல்லாக ஒரு கிழவர். அதே மூக்கு. அதே காது. பின்னால் ஒரு கார் நின்றது. நான் அவரைச் சாகடித்த வருடத்துக்குப் பிறகு குறைந்தது முப்பது வருடம் வந்திருக்க வேண்டிய கார்.

“என்னண்ணை, வேர்க்குது? ஹீட்டரைக் குறைக்கச் சொல்லட்டோ?” என்றார் ஜெயசீலன்.

“அந்தப் படத்துல இருக்கறது யாருன்னு கேளுங்க.”

ஹானா கையிலிருந்த தட்டை வைத்துவிட்டுப் பேச ஆரம்பித்தார். பத்து நிமிடம் பேசினார். கையால் பெயர்ப்பலகை வரைந்து காட்டினார், பெட்டியைத் தூக்கிக் காட்டினார், தாடி வைத்துக் காட்டினார், வயிற்றைத் தடவிக் காட்டினார், கண்ணை மூடித் தலையைச் சாய்த்துக் காட்டினார். ஜெயசீலன் பயபக்தியோடு கேட்டு முடித்து என் பக்கம் திரும்பினார்.

“அவர் நல்லாச் சாப்பிடுவாராம்.”

மீதியைத் திரும்பும் வழியெல்லாம் ஜெயசீலனிடம் பிடுங்கிப் பிடுங்கித் தெரிந்துகொண்டேன். போருக்குப் பிறகு குடும்பத்தோடு நாட்டைவிட்டு வந்திருக்கிறார். இங்கே கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதினார். கிறிஸ்துமஸுக்குப் பெரிய கடைகளின் கண்ணாடி ஜன்னல்களில் காகித ஊர்கள் கட்டினார். தேவாலய நாடகங்களுக்குப் படுதா வரைந்தார். ஒரு வருடம் ஆள் வராததால் கிறிஸ்துமஸ் தாத்தாவாகவும் நின்றார். எண்பது வயதைத் தாண்டி, ஒரு ஞாயிற்றுக்கிழமை, இரண்டு தட்டுச் சாப்பாட்டுக்குப் பிறகு நாற்காலியில் கண்ணயர்ந்தவர் எழுந்திருக்கவில்லை.

விடைபெறும்போது ஹானா சொன்னது மட்டும் ஜெயசீலனுக்குத் தெளிவாகப் புரிந்திருந்தது. “புதன்கிழமை வரட்டாம். முழுப் புத்தகத்தையும் கேக்கப் பொறுமை இல்லையாம். முதல் அதிகாரமும் கடைசி அதிகாரமும் காணுமாம்.” அவர் பேச்சில் ‘காணும்’ என்றால் போதும் என்று பொருள்.

நூற்றெழுபது பக்கத்தில் நூற்று ஐம்பது பக்கம் உண்மை. அந்தக் கிழவி பொய்யின் மேலேயே விரலை வைத்திருக்கிறாள். உன் அப்பா பட்டினியால் செத்தார் என்று அவர் தொந்தியின் படத்துக்குக் கீழே உட்கார்ந்து வாசித்தால் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளமாட்டாளா? படத்தை எங்கே காட்டப் போகிறாள்?

ஞாயிற்றுக்கிழமை சங்க விழா. குழந்தைகளின் நடனம் நீண்டுபோனதால் ஊமைப்பட வரலாற்றுக்கு ஏழு நிமிடம் ஒதுக்கினார்கள். நான் பேசியபோது பிள்ளைகள் பிரெஞ்சில் கத்திக்கொண்டிருந்தார்கள், பெரியவர்கள் ரோல்ஸ் என்ற பலகாரத்துக்கு வரிசையில் நின்றார்கள். ஊமைப்படம் பற்றி ஊமைப்படமாகவே பேசிவிட்டு இறங்கினேன். என் மனதும் அங்கே இல்லை.

திங்கள் மாலை வேலையிலிருந்து வந்த ஜசிந்தா கண் சிவந்து, மூக்கு சிவந்து நின்றார். அவர் ஒரு கார்தெரியில், அதாவது குழந்தைகள் காப்பகத்தில் வேலை செய்கிறவர்; பிரெஞ்சு அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. யாரோ குழந்தைக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பயந்துபோனேன்.

“உங்கட புத்தகத்தை பஸ்ஸில வாசிச்சனான் அண்ணை. கடைசி அதிகாரம். இறங்கவேண்டிய இடத்தை விட்டிட்டு நாலு ஸ்டொப் தாண்டிப் போயிட்டன். பக்கத்தில இருந்த மனுசி டிசு எடுத்துத் தந்தவ. பாவம் மனுசன். ஒரு துண்டுக் கரியோட...” மேலே பேச முடியாமல் மறுபடி மூக்கைச் சிந்தினார்.

என் புத்தகத்தைப் படித்து ஒருவர் அழுதது அதுதான் முதல்முறை. அந்தச் சந்தோஷத்தை அனுபவிக்க எனக்குக் கொடுப்பினை இல்லை. உண்மையைச் சொன்னேன்.

ஜசிந்தாவின் அழுகை சட்டென்று நின்றது. “அப்ப நான் சும்மாவே அழுதனான்?”

“பத்திரிகையில அப்படித்தாங்க இருந்துச்சு...”

“நாலு ஸ்டொப் அண்ணை! திரும்பி அந்தச் சேறுக்குள்ளால நடந்து வந்தனான்!”

ஜெயசீலன் சமாதானத்துக்கு வந்தார். “உதுக்கேன் சண்டை? வேற ஏதும் ஒரு அதிகாரத்தை வாசியுங்கோ அண்ணை. சமையல் குறிப்பை வாசிச்சாலும் அந்த மனுசிக்குத் தெரியப்போறேல்லை. புதன்கிழமை எனக்கு வேலை, இவ வருவா. இவ பாத்துச் சொல்லுவா.”

“நான் ஒண்டும் பாத்துச் சொல்லமாட்டன்” என்றார் ஜசிந்தா. “எழுதியிருக்கிறதை எழுதியிருக்கிற மாதிரித்தான் சொல்லுவன். வயசுபோன மனுசியை ஏமாத்தேலாது.”

செவ்வாய் முழுக்க மன்னிப்புக் கேட்பதை ஒத்திகை பார்த்தேன். முதலில் மன்னிப்பு, பிறகு வாசிப்பு என்று ஒரு சமயம். முதலில் படம், பிறகு மன்னிப்பு என்று மறு சமயம். இரண்டாவதுதான் இனித்தது. கோழைக்கு எப்போதும் அப்படித்தான்.

புதன்கிழமை ஹானா தலைவாரி, பட்டுச் சட்டையில் கல்பதித்த ஊசி குத்தித் தயாராக இருந்தார். ஜசிந்தா காப்பகத்துப் பழக்கத்தில் அவரிடம் உரக்க, நிறுத்தி நிறுத்தி, கைதட்டிக் கைதட்டிப் பேசினார். ஹானாவுக்கு அது மிகவும் பிடித்துப்போனது. வாசிப்பதற்கு முன்னால் சாப்பிட்டே ஆகவேண்டும் என்று உட்காரவைத்தார். மாவை நீளமாக உருட்டி அவித்து, நம் வீடுகளில் அவித்த முட்டையை அறுப்பது போல நூலால் வளையம் வளையமாக அறுத்து, முட்டைக்கோசோடு வைத்தார். உள்ளே பூரணம் வைக்க மறந்த கொழுக்கட்டை என்றுதான் முதலில் தோன்றியது. ஐந்து துண்டு தின்றேன். ஆறாவதை வைக்கும்போது, “அப்பாவும் இப்பிடித்தான், போதும் எண்டு சொல்லவே மாட்டாராம்” என்று ஜசிந்தா மொழிபெயர்த்துவிட்டு என்னை முறைத்தார். ஆறாவதை மெல்லத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளினேன்.

முதல் அத்தியாயத்தை வாசித்தேன். பிரஷ்ஷோடு கதாநாயகனாக நின்ற இடத்தில் ஹானா கைதட்டினார். முடிந்ததும் புத்தகத்தை மூடி, “அவ்வளவுதாங்க” என்றேன்.

ஹானா என் கையிலிருந்து புத்தகத்தை வாங்கி, கடைசிப் பக்கங்களைப் பிரித்து, திரும்ப என் மடியில் வைத்தார். அதற்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. மன்னிப்பு வாய்வரை வந்தது. அதற்குள் ஜசிந்தா, “வாசியுங்கோ” என்றார்.

வாசித்தேன். பனி, ஜன்னல், கரித்துண்டு. ஜசிந்தா ஒரு சொல் விடாமல் சொன்னார். பொய் என்று தெரிந்தும், வாத்து வரைகிற இடத்தில் அவருக்குக் குரல் தழுதழுத்தது. அக்கம்பக்கத்தார் வந்து தொப்பியைக் கழற்றி நின்றார்கள் என்பதோடு அத்தியாயம் முடிந்தது. நான் தலையைத் தூக்கவில்லை.

ஹானா எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

“போலாங்க” என்றேன். வாசலில் உட்கார்ந்து பூட்ஸை மாட்டத் தொடங்கினேன். கலவரத்தில் இடதை வலதில் மாட்டி இழுத்துக்கொண்டிருந்தபோது கதவு திறந்தது. ஹானாவின் கையில் ஒரு வீடியோ கேசட். முகம் சிவந்திருந்தது. அழுகையா சிரிப்பா என்று தெரியவில்லை. ஒற்றைப் பூட்ஸோடு என்னைப் பிடித்து இழுத்து சோபாவில் உட்காரவைத்து, கேசட்டை உள்ளே தள்ளினார்.

திரையில் கோடுகளும் புள்ளிகளும். பிறகு ஒரு அறை. உடைந்த ஜன்னல் வழியே பனி கொட்டுகிறது. ஒல்லியான ஒரு மனிதன் அடுப்பைத் திறக்கிறான். ஒன்றுமில்லை. பையைத் துழாவுகிறான். ஒரு கரித்துண்டு. அடுப்பைப் பார்க்கிறான், சுவரைப் பார்க்கிறான். வாத்தை வரைகிறான், தட்டு வரைகிறான், முள்கரண்டி வரைகிறான். கீழே சரிகிறான். நான் எழுதியது அத்தனையும், ஒரு சொல் கூடாமல் குறையாமல், என் கண்முன்னால் நடந்தது. அக்கம்பக்கத்தார் வந்து தொப்பியைக் கழற்றினார்கள். என்னிடம் இருந்த தாள் அந்த இடத்தோடு முடிந்துவிடும். அடுத்த தாள் நடைபாதைக் கடையில் இல்லை.

அடுத்த தாள் இப்போது ஓடியது. இழவுச் சாப்பாட்டுக்காக வீட்டுக்காரி ஒரு நிஜ வாத்தை வறுத்துக் கொண்டுவந்து பிணத்துக்குப் பக்கத்தில் வைக்கிறாள். எல்லோரும் குனிந்து பிரார்த்தனை செய்கிறார்கள். பிணத்தின் மூக்கு ஒருமுறை துடிக்கிறது. பிறகு ஒரு கை மெல்ல எழும்பி வாத்தின் காலைப் பிய்க்கிறது. வந்தவர்கள் அலறிக்கொண்டு ஜன்னல் வழியே குதிக்கிறார்கள். ஸ்மர்ச்கா எழுந்து உட்கார்ந்து, தன் இழவுச் சாப்பாட்டைத் தானே சாப்பிடுகிறார்.

ஒரு படத்தின் கதையை ஒரு மனிதனின் சாவாக எழுதி, அட்டை போட்டு, பின்னட்டையில் என் புகைப்படமும் போட்டிருக்கிறேன். சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டிருக்கும்போதே கண் நிறைந்துவிட்டது. மன்னித்துவிடுங்கள் என்று தமிழிலேயே ஹானாவிடம் சொன்னேன். அவர் என்னைக் கவனிக்கவில்லை. ஜசிந்தாவைப் பார்த்து ஏதோ கேட்டார். ஜசிந்தா தயங்கித் தயங்கிப் பதில் சொல்ல, கிழவி அவர் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு வெகுநேரம் பேசினார்.

“வாசிக்கேக்க எனக்கு அழுகை வந்தது உண்மையோ எண்டு கேட்டவ. பஸ்ஸில அழுததையும் சொன்னனான்” என்றார் ஜசிந்தா. “அப்பாவுக்கு அந்த ஒரு குறை இருந்ததாம். அந்தக் கட்டத்தில ஒராளாவது அழோணும், அப்பதான் பிறகு சிரிப்பு வரும் எண்டு நினைச்சு எடுத்தவராம். ஆனா இவற்ற மூஞ்சியைக் கண்ட உடனேயே சனம் சிரிக்கத் துவங்கியிடுமாம். ஒருத்தரும் அழேல்லையாம். நான்தான் முதலாவது ஆளாம்.”

ஹானா கேசட் பெட்டியைத் தடவிக்கொண்டே இன்னும் கொஞ்சம் சொன்னார். இந்தமுறை ஜசிந்தா உடனே மொழிபெயர்க்கவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு, மெதுவாகச் சொன்னார்.

“நாட்டைவிட்டு வெளிக்கிடேக்க ஒரு பெட்டிதானாம். ஏழு படத்தில ஒண்டுதான் கொண்டுவர ஏலுமாம். அப்பா, இதைவிட நல்ல படங்கள் இருக்கே, ஏன் இதை எடுக்கிறியள் எண்டு இவ கேட்டவவாம். மற்றதில எல்லாம் நான் நடிச்சிருக்கிறன், இதிலதான் செத்தும் எழும்பியிருக்கிறன், போற இடத்துக்கு இது காணும் எண்டு சொன்னவராம்.”

மன்னாரிலிருந்து ஜசிந்தா எந்தப் பெட்டியில் எதைக் கொண்டுவந்தார் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. அப்போதும் கேட்கத் தோன்றவில்லை. அவர் சட்டென்று எழுந்து, ஹானாவின் கையிலிருந்த ரிமோட்டைக் காட்டிப் பிரெஞ்சில் ஏதோ சொன்னார். ஹானா தலையாட்டிவிட்டுப் படத்தைப் பின்னோக்கி ஓட்டினார். குதித்தவர்களெல்லாம் ஜன்னல் வழியே உள்ளே வந்தார்கள்.

“என்ன சொன்னீங்க?” என்று கேட்டேன்.

“முதலில இருந்து வேண்டாம். எழும்புறதில இருந்து போடச் சொன்னனான்.”